பர்க்: தடயமில்லாமல் அமுக்கும் வினை

ஆங்கிலத்தில் 'பர்க்' என்றொரு வினைச்சொல் உண்டு. இன்றைய இங்கிலாந்தில் அதை எழுதுகிறவர்கள் குறைவு, பேசுகிறவர்கள் அதைவிடக் குறைவு. ஆனால் நம் நாட்டுக் காவல்துறை உயரதிகாரி ஒருவரிடம் 'பர்க்கிங்' என்று சொல்லிப் பாருங்கள், சட்டென்று புரிந்துகொள்வார். புகார் வந்த பிறகும் முதல் தகவல் அறிக்கை போடாமல் ஆளைத் திருப்பி அனுப்பிவிடுவதற்கு அந்தத் துறையில் வழங்கும் பெயர் அது. உச்ச நீதிமன்றத் தீர்ப்பிலும் அந்தச் சொல் ஏறியிருக்கிறது. பிறந்த ஊரில் மங்கிப்போன ஒரு சொல் இங்கே இத்தனை தெம்போடு இருக்கிறதென்றால், அது குறிக்கும் செயலும் இங்கே தெம்போடு இருக்கிறது என்றுதான் அர்த்தம்.

பர்க் என்றதும் வாரன் ஹேஸ்டிங்ஸ் மீது பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் குற்றம்சாட்டி முழங்கிய எட்மண்ட் பர்க் நினைவுக்கு வரலாம். அவருக்கும் இந்தச் சொல்லுக்கும் சம்பந்தமில்லை. இவன் வில்லியம் பர்க். அயர்லாந்துக்காரன். யூனியன் கால்வாய் வெட்டும் கூலி வேலைக்காக ஸ்காட்லாந்து வந்தவன், பிறகு எடின்பரோ நகரில் பழைய செருப்புத் தைத்துப் பிழைத்தான். வெஸ்ட் போர்ட் என்ற ஏழைக் குடியிருப்பில், டேனர்ஸ் க்ளோஸ் சந்தில், வில்லியம் ஹேர் என்ற இன்னொரு அயர்லாந்துக்காரனும் அவன் மனைவியும் நடத்திய மலிவான தங்கும் விடுதியில் குடியிருந்தான்.

1827 நவம்பரில் அந்த விடுதியில் தங்கியிருந்த வயதான ஓய்வூதியச் சிப்பாய் ஒருவர் நோயில் இறந்துபோனார். ஹேருக்கு அவர் தரவேண்டிய வாடகை பாக்கி 4 பவுண்டு. பணம் போயிற்றே என்று ஹேர் புலம்ப, இருவரும் சேர்ந்து ஒரு வழி கண்டார்கள். சவப்பெட்டிக்குள் தோல் பதனிடும் மரப்பட்டையை நிரப்பி அடக்கத்துக்கு அனுப்பிவிட்டு, உடலை இரவில் சர்ஜன்ஸ் ஸ்கொயருக்குத் தூக்கிப் போனார்கள். அங்கே உடற்கூறு வகுப்பு நடத்திவந்த டாக்டர் ராபர்ட் நாக்ஸின் ஆட்கள் 7 பவுண்டு 10 ஷில்லிங் கொடுத்து வாங்கிக்கொண்டார்கள். கேள்வி எதுவும் கேட்கவில்லை.

கேட்காததற்குக் காரணம் இருந்தது. எடின்பரோ அன்று ஐரோப்பாவின் பெரிய மருத்துவக் கல்வி மையங்களில் ஒன்று. நாக்ஸின் வகுப்பில் மட்டும் 500 மாணவர்கள். அறுத்துப் பார்த்துப் படிக்க உடல் வேண்டும். 1752இல் நடைமுறைக்கு வந்த கொலைச் சட்டம், தூக்கிலிடப்பட்ட கொலையாளிகளின் உடலை மருத்துவர்களிடம் ஒப்படைக்க வழிசெய்திருந்தது. ஆனால் அந்த எண்ணிக்கை எந்த மூலைக்கும் போதவில்லை. அதனால் புதைத்த உடலை இரவோடிரவாகத் தோண்டி விற்கும் ஒரு தொழிலே உருவாகியிருந்தது. சட்டத்தின் கண்ணில் பிணம் யாருடைய சொத்தும் அல்ல, ஆனால் பிணத்தைச் சுற்றிய துணி சொத்து. ஆகவே தோண்டுகிறவர்கள் துணியைக் குழியிலேயே போட்டுவிட்டு உடலை மட்டும் எடுத்துப் போவார்கள். வசதியுள்ள குடும்பங்கள் கல்லறை மேல் கனத்த இரும்புக் கூண்டு பூட்டிவைத்தன. எடின்பரோவின் கிரேஃப்ரையர்ஸ் இடுகாட்டில் அந்தக் கூண்டுகளை இன்றும் பார்க்கலாம். கூண்டு வாங்க முடியாதவர்கள் உடல் அழுகும்வரை முறைவைத்துக் காவல் இருந்தார்கள்.

பர்க்கும் ஹேரும் மண்வெட்டியைத் தொடவே இல்லை. அடுத்த ஓராண்டுக்குள் அவர்கள் 16 பேரைக் கொன்று நாக்ஸுக்கு விற்றார்கள். விலை கோடையில் 8 பவுண்டு, குளிர்காலத்தில் 10 பவுண்டு. குளிரில் உடல் கெடாமல் இருக்கும் என்பதால் இந்த வித்தியாசம்.

கொன்ற விதத்தைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டியிருக்கிறது, ஏனென்றால் சொல்லின் பொருள் முழுக்க அங்கேதான் இருக்கிறது. வெளியூரிலிருந்து வந்த கிழவி, தெருவில் திரியும் பெண், கதியற்ற நோயாளி என்று யாரும் தேடி வரமாட்டார்கள் என்று தோன்றிய ஆளாகப் பார்த்து அழைத்துவருவார்கள். விஸ்கி ஊற்றிக் கொடுப்பார்கள். ஆள் மயங்கிச் சரிந்ததும் ஒருவன் மார்பின் மேல் பாரமாக அமுக்கிக்கொள்வான், இன்னொருவன் மூக்கையும் வாயையும் கையால் இறுகப் பொத்துவான். சில நிமிடங்களில் முடிந்துவிடும். கத்திக் காயம் இல்லை, கழுத்தில் கயிற்றுத் தடம் இல்லை, நஞ்சு இல்லை. வாங்குகிறவருக்குச் சேதமில்லாத சரக்கு. பார்க்கிறவருக்குக் குடித்தே செத்துப்போன ஓர் ஏழை.

அவர்கள் கணக்கு ஓரிடத்தில் பிசகியது. ஜேம்ஸ் வில்சன் என்ற 18 வயதுப் பையன், கால் ஊனமுற்றவன், புத்தி வளர்ச்சி குறைந்தவன், எடின்பரோ தெருக்களில் எல்லோருக்கும் தெரிந்த முகம். அவன் அதிகம் குடிக்க மறுத்தான். அமுக்கியபோது எதிர்த்துப் போராடினான். அவன் அம்மா ஊரெல்லாம் தேடினாள். நாக்ஸின் வகுப்பில் மாணவர்கள் சிலர் அவனை அடையாளம் கண்டுகொண்டதாகப் பேச்சு எழுந்தது. நாக்ஸ் மறுத்தார். அதோடு அந்தப் பேச்சு அடங்கிப்போனது. பெயர் தெரிந்த ஒருவன் காணாமல் போயும் ஒரு விசாரணை நடக்கவில்லை என்பதுதான் எனக்கு இந்த வரலாற்றிலேயே தாங்க முடியாத பகுதி.

1828 அக்டோபர் 31 இரவு மார்ஜரி டோகர்ட்டி என்ற அயர்லாந்துப் பெண்ணைக் கொன்றார்கள். பர்க்கோடு தங்கியிருந்த ஜேம்ஸ் கிரே, ஆன் கிரே தம்பதியரை அன்றிரவு மட்டும் வேறிடத்தில் படுக்க அனுப்பியிருந்தார்கள். மறுநாள் திரும்பிவந்த ஆன் கிரே, குழந்தையின் காலுறையைத் தேடிக் கட்டில் பக்கம் போனபோது பர்க் அதட்டி விலக்கினான். அவளுக்குச் சந்தேகம் தட்டியது. தனியாக இருந்த நேரம் பார்த்து வைக்கோலை விலக்கினாள். உடல் கிடந்தது. வாயை மூடிக்கொண்டிருந்தால் வாரம் 10 பவுண்டு என்று பர்க்கின் துணைவி ஹெலன் மெக்டூகல் கெஞ்சினாள். கூலிக்காரக் குடும்பத்துக்கு அது கற்பனைக்கெட்டாத பணம். கிரே தம்பதியர் அதைத் தட்டிவிட்டு நேரே காவலரிடம் போனார்கள். ஊரெல்லாம் பர்க்கை நினைவில் வைத்திருக்கிறது, இந்த இருவரை வைத்திருப்பவர்கள் குறைவு.

உடல் கிடைத்தும் வழக்கு நிற்கவில்லை. பரிசோதித்த சட்ட மருத்துவப் பேராசிரியர் ராபர்ட் கிறிஸ்டிசன், மூச்சடைத்துக் கொன்றிருக்கலாம் என்று சொன்னாரே தவிர, உறுதியாகக் கொலைதான் என்று சொல்ல உடலில் போதிய அடையாளம் இல்லை. வேறு வழியில்லாமல் அரசுத் தரப்பு ஹேருக்கு மன்னிப்பு அளித்து அப்ரூவர் ஆக்கியது. டிசம்பர் 24 காலை தொடங்கிய விசாரணை இடைவெளியில்லாமல் இரவு முழுவதும் நடந்து, கிறிஸ்துமஸ் அன்று காலை முடிந்தது. பர்க்குக்குத் தூக்கு. மெக்டூகல் மீதான குற்றம் மெய்ப்பிக்கப்படவில்லை. நாக்ஸ் மீது வழக்கே இல்லை.

1829 ஜனவரி 28 அன்று லான்மார்க்கெட் தெருவில் பர்க்கைத் தூக்கிலிட்டபோது பல்லாயிரம் பேர் கூடியிருந்தார்கள். கயிறு எதற்கு, அவனையும் 'பர்க்' பண்ணு என்று கூட்டம் கத்தியதாகச் சில நாட்களில் லண்டன் டைம்ஸ் எழுதியது. கொன்றவன் உயிரோடு இருக்கும்போதே அவன் பெயர் கொல்லும் முறைக்குப் பெயராகிவிட்டது. தீர்ப்பின்படி அவன் உடலும் பேராசிரியர் மன்றோவின் மேசையில் அறுக்கப்பட்டது. எலும்புக்கூடு எடின்பரோ பல்கலைக்கழகத்தின் உடற்கூறு அருங்காட்சியகத்தில் இன்றும் இருக்கிறது.

அந்தப் பெயர் பரவிய வேகம் வியப்பானது. 1831இல் லண்டனில் ஜான் பிஷப், தாமஸ் வில்லியம்ஸ் என்ற இருவர் ஒரு சிறுவனைக் கொன்று மருத்துவக் கல்லூரிக்கு விற்கப் போய்ப் பிடிபட்டபோது 'லண்டன் பர்க்கர்கள்' என்றே அழைக்கப்பட்டார்கள். அதே ஆண்டு டிசம்பரில் அபர்தீன் நகரில் உடற்கூறு வகுப்புக் கட்டடத்தின் பின்புறம் ஒரு நாய் மண்ணைக் கிளற, மனித உடலின் துண்டு வெளியே வந்தது. 'பர்க் வீடு' என்று கத்திக்கொண்டே ஊர்மக்கள் அந்தக் கட்டடத்தைக் கொளுத்தினார்கள். 1832இல் காலரா வந்தபோது லிவர்பூல் ஏழைகள் மருத்துவமனைக்குப் போக மறுத்துக் கலகம் செய்தார்கள். வைத்தியர்கள் கூட்டிக்கொண்டுபோய் 'பர்க்' செய்துவிடுவார்கள் என்று பயம். 1830களின் நடுவில் தொடராக வந்த பிக்விக் நாவலில் டிக்கன்ஸ் இந்த வினையை விளக்கமே இல்லாமல் பயன்படுத்துகிறார். வாசகர் எல்லோருக்கும் அது தெரிந்திருந்தது.

கொலை வியாபாரத்தை 1832இன் உடற்கூறுச் சட்டம் முடித்துவைத்தது. ஆனால் எப்படி? ஏழை விடுதிகளில் இறந்து உரிமை கோர ஆளில்லாத உடல்களை மருத்துவப் பள்ளிகளுக்குக் கொடுக்கலாம் என்றது. அதுவரை கொலைகாரனுக்குத் தண்டனையாக இருந்த ஒன்று ஏழைக்கு விதியானது. பர்க் பொறுக்கி எடுத்ததும் கேட்க நாதியில்லாதவர்களைத்தான், சட்டம் பொறுக்கி எடுத்ததும் அவர்களைத்தான்.

கொலைப் பயம் நீங்கியபின் வினை வேறு செயப்படுபொருள்களைத் தேடிக்கொண்டது. ஆளுக்குப் பதில் புத்தகம், கேள்வி, விசாரணை, விவாதம். ஒரு விசாரணையை 'பர்க்' செய்தார்கள் என்றால் சத்தமில்லாமல் அமுக்கினார்கள் என்று பொருள். பிற்பாடு ஒரு பிரச்சினையை நேரே தொடாமல் நழுவுவதையும் அது குறித்தது. இரண்டாவது பொருளில் சொல்லின் கூர் மழுங்கிவிட்டது என்பது என் கருத்து. தடை என்றால் உத்தரவு இருக்கும், தணிக்கை என்றால் வெட்டிய தழும்பு இருக்கும், மறுப்பு என்றால் மறுத்தவர் பெயர் இருக்கும். பர்க் செய்ததில் இவை எதுவும் இருக்காது. நடந்ததற்கு அடையாளமே இல்லாமல் நிறுத்துவதுதான் அதன் சாரம். பாய்காட் போல ஆள்பெயரிலிருந்து வந்து உலகமெங்கும் பரவிய சொற்கள் உண்டு, ஆனால் செய்முறையை இவ்வளவு துல்லியமாகச் சுமந்துவரும் இன்னொன்று எனக்குத் தெரிந்து இல்லை.

இப்போது நம் காவல் நிலையத்துக்கு வருவோம். சென்ற ஆண்டைவிடக் குற்றம் கூடியதா குறைந்ததா என்று மேலதிகாரி கணக்குக் கேட்கிறார். கூடினால் ஆய்வாளருக்குக் கெட்ட பெயர். குற்றத்தைக் குறைப்பது கடினம், எழுதாமல் விடுவது எளிது. வழிப்பறியைச் சாதாரணத் திருட்டு என்று எழுதினால் அது குறைத்துக் காட்டல். எழுதவே எழுதாவிட்டால் பர்க்கிங். நம் ஊரில் கைப்பேசியைப் பறிகொடுத்தவரிடம் "தொலைஞ்சு போச்சுன்னு எழுதிக் குடுங்க" என்பார்கள். அல்லது ஒரு சி.எஸ்.ஆர். ரசீதைக் கையில் கொடுத்து, "விசாரிச்சுட்டுக் கூப்பிடுறோம்" என்று அனுப்புவார்கள். ரசீது வாங்கியவர் வழக்குப் பதிவாகிவிட்டது என்று நம்பிப் போகிறார். உண்மையில் அது மனு வந்ததற்கான அத்தாட்சி, அவ்வளவுதான்.

2013 நவம்பர் 12 அன்று லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்தது. தலைமை தாங்கியவர் ஈரோடு மாவட்டத்திலிருந்து போன தலைமை நீதிபதி ப. சதாசிவம். உத்தரப் பிரதேசத்தில் மகள் கடத்தப்பட்டதாகத் தகப்பன் கொடுத்த புகாரை நிலையத்தில் பதியாததிலிருந்து கிளம்பிய வழக்கு அது. கைது செய்யத்தக்க குற்றம் நடந்திருப்பது புகாரில் தெரிந்தால் முதல் தகவல் அறிக்கை பதிந்தே ஆக வேண்டும் என்றது அமர்வு. குடும்பத் தகராறு, வணிகக் குற்றம், மருத்துவக் கவனக்குறைவு போன்ற சிலவற்றில் மட்டும் முன்விசாரணைக்கு இடம் தந்தது. 2012இல் நாட்டில் பதிவானவை ஏறத்தாழ 60 லட்சம் குற்றங்கள், பர்க் செய்யப்பட்டவையும் கிட்டத்தட்ட அதே அளவு இருக்கலாம் என்று அந்தத் தீர்ப்பு சொல்கிறது. இது நடக்க நடக்க மக்களுக்குச் சட்டத்தின் மேலுள்ள மதிப்பே போய்விடும் என்றும் எச்சரிக்கிறது.

2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, குற்றம் எங்கே நடந்திருந்தாலும் எந்த நிலையத்திலும் புகார் தரலாம் என்கிறது. ஆனால் மூன்றாண்டோ அதற்கு மேலோ, ஆனால் ஏழாண்டுக்குக் குறைவாகத் தண்டனை உள்ள குற்றங்களில், டி.எஸ்.பி.யின் அனுமதியோடு 14 நாள் முன்விசாரணை நடத்தவும் அதில் இடம் இருக்கிறது. வாய் பொத்த 14 நாள் தாராளம் என்று நான் அஞ்சுகிறேன்.

ஆகவே காவல் நிலையம் போகிறவர்கள் இதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். சி.எஸ்.ஆர். ரசீதோடு திரும்பாதீர்கள். எண்ணும் பிரிவும் போட்ட முதல் தகவல் அறிக்கையின் நகலைக் கேளுங்கள், அதைப் புகார்தாரருக்கு இலவசமாகத் தரவேண்டும் என்பது சட்டம். பதிய மறுத்தால் புகாரை எழுதித் தபாலில் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கு அனுப்புங்கள். அங்கேயும் அசையவில்லை என்றால் குற்றவியல் நடுவரிடம் மனுச் செய்யலாம். இரண்டுக்கும் அந்தச் சட்டத்தின் 173ஆம் பிரிவிலேயே வழி இருக்கிறது.