சாயவேர்

சாயவேர் என்பது பருத்தி நூலுக்கும் துணிக்கும் நிலையான செந்நிறம் ஏற்றப் பயன்பட்ட ஒரு வேரையும், அவ்வேரைத் தரும் சிறு செடியையும் ஒருசேரக் குறிக்கும் பெயராகும். மஞ்சிட்டி, நுணா, காப்பி ஆகியவை அடங்கிய தாவரக் குடும்பத்தைச் சேர்ந்த இச்செடி, சித்த மருத்துவத்தில் இம்பூறல் என்ற பெயரால் அறியப்பட்டு, இருமலுக்கும் இரத்தம் கக்குதலுக்கும் மருந்தாகச் சொல்லப்படுகிறது. தாவரவியலார் இதற்கு வழங்கும் பெயர் ஓல்டன்லாந்தியா அம்பெல்லேட்டா. சிலர் இதனை ஹெடியோட்டிஸ் என்னும் பேரினத்தில் வைப்பர். ஐரோப்பிய வணிகர் ஏடுகளில் 'சாய்', 'சாயா' என வருவன தமிழ்ப் பெயரின் திரிபுகளே.

கடலோர மணற்பாங்கில், தரையோடு ஒட்டிப் படர்ந்து, கண்ணுக்கு எளிதில் படாத சிறு வெண்பூக்களைப் பூக்கும் இச்செடியின் மதிப்பு முழுவதும் அதன் வேர்ப்பட்டையில் உள்ளது. மஞ்சிட்டி இனங்களிலும் காணப்படும் அலிசரின் என்ற நிறப்பொருளே இதன் சிவப்புக்குக் காரணம். ஆயினும் வேரை வெறுமனே கொதிக்க வைத்துத் துணியை முக்கினால் மங்கிய கறையே எஞ்சும். படிகாரம் போன்ற நிறமூன்றி, அதாவது நாருக்கும் சாயத்துக்கும் இடையே நின்று இரண்டையும் பிணைக்கும் உப்பு, முன்னரே துணியில் ஏறியிருந்தால்தான் சிவப்பு பிடிக்கும். பயிரிட்ட செடியின் வேர் நீண்டும், தானே முளைத்த செடியின் வேர் குட்டையாகவும் இருக்கும் என்றாலும், சாயம் மிகுந்தது பின்னதே என்பது சாயக்காரர்களின் நெடுநாளைய கணிப்பு. விதை தூசியளவினதாகையால் அதைத் தனியே சேகரிக்க இயலாமல், செடி நின்ற இடத்து மேல்மணலை வழித்தெடுத்து, அம்மணலையே விதையாகத் தூவினர் எனப் பழைய பயிர்க்குறிப்புகள் கூறுகின்றன.

இந்த வேரின் தொன்மை குறித்துக் கருத்து வேறுபாடு உண்டு. புதுச்சேரிக்கு அருகிலுள்ள அரிக்கமேட்டில் 1945இல் மார்ட்டிமர் வீலர் நடத்திய அகழாய்வில் வெளிப்பட்ட செங்கல் தொட்டிகள் துணிக்குச் சாயமேற்றப் பயன்பட்டவை எனக் கொள்ளப்பட்டன. உறையூரில் கிடைத்த தொட்டியும் அவ்வாறே விளக்கப்பட்டது. பின்வந்த ஆய்வாளர் சிலர் அரிக்கமேட்டுத் தொட்டிகளின் பயன் அதுதானா என ஐயுற்றுள்ளனர். அவை சாயத்தொட்டிகளே எனினும், அவற்றில் ஊறியது சாயவேர்தான் எனக் கொள்ள அத்தொட்டிகள் மட்டும் போதா.

17ஆம் நூற்றாண்டிலிருந்து செய்திகள் பெருகுகின்றன. அந்நூற்றாண்டின் முற்பகுதியில் மசூலிப்பட்டினத்தில் இருந்த ஆங்கில வணிகர் வில்லியம் மெத்வோல்டு, கோல்கொண்டா நாட்டைப் பற்றிய தம் விவரிப்பில் இவ்வேரைக் குறிப்பிடுகிறார். கிருஷ்ணை ஆற்றுமுகத்தை அடுத்த பேட்டபோலி (இன்றைய நிஜாம்பட்டினம்) வேர் அக்காலத்தில் பெயர் பெற்றிருந்தது. இலங்கையில் மன்னார், யாழ்ப்பாணப் பகுதிகளின் வேரைத் தோண்டுவதும் விற்பதும் ஒல்லாந்தர் ஆட்சியில் அரசின் உரிமையாக இருந்தன; யாழ்ப்பாணத்தை நிருவகித்த சுவார்டகுரோன் 1697இல் எழுதிவைத்த நினைவுக் குறிப்பில் சாயவேருக்குத் தனி இடம் உண்டு. வெயிலில் மணலைக் கிளறி வேர் எடுத்தவர்கள் இவ்வேடுகளில் பெரும்பாலும் வருவாய்க் கணக்கின் ஒரு பகுதியாகவே தோன்றுகின்றனர்.

சாயவேர் வரலாற்றில் மிகத் தெளிவாகப் பதிவான காலம் 18ஆம் நூற்றாண்டின் முற்பாதியாகும். அதற்குக் காரணம் பிரெஞ்சுக்காரரின் பொறாமை கலந்த ஆர்வம். சோழமண்டலக் கரையின் ஓவியத் துணிகள் துவைக்கத் துவைக்கப் பொலிவு கூடியதாகப் பேர்பெற்றிருந்த நிலையில், பிரான்சு தன் நெசவாளரைக் காக்க 1686 முதல் 1759 வரை அவற்றுக்குத் தடை விதித்திருந்தது. தடை நீடித்த அதே காலத்தில் அந்நாட்டு வேதியியலார் அவற்றின் நுட்பத்தைத் தேடிக்கொண்டிருந்தனர். தூ ஃபே என்ற வேதியியலாரின் வேண்டுகோளின்படி, போலியு என்ற கடற்படை அதிகாரி 1734ஆம் ஆண்டளவில் புதுச்சேரியில் ஒரு துணி தீட்டப்படுவதைக் கண்டு எழுதியதோடு, ஒவ்வொரு கட்டமும் முடிந்ததும் அதிலிருந்து ஒரு துண்டை வெட்டி எடுத்துக் குறிப்போடு சேர்த்தார். பாரிசின் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் அத்துண்டுகள் இன்றும் உள்ளன. கைவினை வரலாற்றில் இத்தகைய சான்று அரிது. அடுத்து, இயேசு சபைப் பாதிரியார் கேர்தூ, கிறித்தவம் தழுவிய சாயக்காரர்களிடம் கேட்டறிந்தவற்றை 1742இல் நீண்ட கடிதமாக எழுதினார். சமற்கிருதத்துக்கும் இலத்தீன், கிரேக்க மொழிகளுக்கும் உள்ள உறவைப் பின்னாளில் சுட்டிக்காட்டியவரும் இவரே. சொற்களில் அவருக்கிருந்த கவனத்தால் கடுக்காய் முதலிய பொருள்கள் அக்கடிதத்தில் தமிழ்ப் பெயரோடே பதிவாகியுள்ளன.

இவ்விரு பதிவுகளையும் இணைத்துப் பார்க்கும்போது தெரியவரும் முறை பின்வருமாறு. அரைகுறையாக வெளுத்த துணி, கடுக்காய்ப் பொடி கலந்த எருமைப் பாலில் ஊறவைத்துப் பிழியப்பட்டு, வெயிலில் உலர்த்தப்பட்டு, மரப்பலகை மேல் மழமழவென்று ஆகும்வரை அடிக்கப்பட்டது. கடுக்காயின் துவர்ப்பு நிறமூன்றியைப் பற்றிக்கொள்ளவும், பாலின் கொழுப்பு தீட்டிய நீர் இழைவழியே பரவிக் கோடு கலைந்துவிடாமல் தடுக்கவும் உதவின. பின்னர், துளையிட்ட தாளின் மேல் கரித்தூளைத் தட்டி உருவரை பெயர்க்கப்பட்டது. கறுப்புக் கோடுகளுக்கு இரும்புத் துண்டுகளைப் புளித்த கஞ்சியில் ஊறவைத்த நீரும், சிவப்புக்குரிய இடங்களுக்குப் படிகார நீரும் கலம் எனப்படும் எழுதுகோலால் தீட்டப்பட்டன. கூரிய குச்சியின் நடுவில் சுற்றிய மயிர்ப்பந்தை விரலால் அழுத்த, அதிலிருந்து கசிந்த நீர் முனைக்கு இறங்கியது. படிகார நீர் நிறமற்றது. வெள்ளைத் துணியில் எவ்விடம் தீட்டியது, எவ்விடம் விட்டது என்று கைக்குத் தெரியாது. ஆகவே அதில் வர்த்தங்கிக் கட்டையின் சாற்றைச் சிறிது கலந்தனர். பத்தமடைப் பாய்க் கோரைக்குச் சிவப்பேற்றிய அதே கட்டையின் சாறு இங்கே கண்ணுக்கு வழிகாட்டும் வேலையை மட்டும் செய்து, பின் கழுவலில் போய்விடும்.

இதன் பிறகே சாயவேர் வருகிறது. பொடித்த வேரிட்ட நீரில் துணியை மெல்லச் சூடேற்றிக் கொதிக்க வைக்கும்போது, படிகாரம் பட்ட இடங்கள் சிவந்தன. படாத இடங்களில் ஏறிய இளஞ்சிவப்புக் கறை, சாணநீரில் நனைத்தும் வெயிலில் பரப்பி நீர் தெளித்தும் வெளுக்கப்பட்டது. நீலத்துக்கு, அந்நிறம் வேண்டாத இடமெல்லாம் மெழுகு பூசி அவுரித் தொட்டியில் தோய்த்தனர்; அது பெரும்பாலும் வேறு சாயக்காரரின் தொழில். மஞ்சள் இறுதியில் தீட்டப்பட்டது. முதலில் மங்கியதும் அதுவே.

சிவப்பின் பொலிவுக்கு எது முதற்காரணம் என்பது இன்றும் முடிவாகவில்லை. சில கிணறுகளின் சற்றே கரிப்பான நீரைச் சாயக்காரர் தேடிச் சென்றனர். மதுரையில் வைகை நீரின் தன்மையே காரணம் என நம்பப்பட்டது. சிப்பி மக்கிய கடலோர மண்ணின் சுண்ணாம்பு வேரில் ஏறியிருப்பதே காரணம் என்பது பிறர் கருத்து. அலிசரினும் படிகாரமும் சேர்ந்து உறுதியான நிறமாக அமையச் சுண்ணாம்புச்சத்து துணைசெய்யும் என்பதால் இரண்டாவது கருத்துக்கு வலுவுண்டு. கரிப்பு நீரிலும் அது கலந்திருக்கக்கூடும் என்பதால் முதல் கருத்தைத் தள்ளிவிடவும் முடியவில்லை.

வில்லியம் ராக்ஸ்பரோ 1795இல் வெளிவரத் தொடங்கிய சோழமண்டலக் கரைத் தாவரங்கள் பற்றிய தம் நூலில் இச்செடியை ஓவியத்துடன் விவரித்தார். வேரையே இங்கிலாந்துக்கு அனுப்பிப் பார்த்த முயற்சி பயன்தரவில்லை. மதுரையின் சௌராட்டிரச் சாயக்காரர் நூலை நல்லெண்ணெயிலும் உமரிச் சாம்பல் நீரிலும் மாறிமாறித் தோய்த்துச் சாயவேரால் சிவப்பேற்றினர். தஞ்சை மராத்திய அரசகுடும்பத்துக்காகக் கோடாலிகருப்பூரில் சரிகையோடு நெய்யப்பட்ட சேலைகளின் செந்நிறமும் இம்மரபைச் சேர்ந்தது.

கார்ல் கிரேபே, கார்ல் லீபர்மன் ஆகிய செருமானிய வேதியியலார் 1868இல் அலிசரினைச் செயற்கையாக உருவாக்கினர். அடுத்த ஆண்டே அதைத் தொழில்முறையில் செய்யும் வழிக்கு உரிமம் கோரப்பட்டது. வேரில் இருந்த அதே பொருள் விலை மலிந்து தகர டப்பாவில் வந்தபோது, தோண்டி, உலர்த்தி, இடித்து, அளவறிந்து கொதிக்க வைக்கும் வேலைக்குத் தேவை குறைந்தது. எட்வின் ஹோல்டர் சென்னை மாகாணச் சாயத்தொழில் பற்றி 1896இல் எழுதிய அறிக்கை, இம்மாற்றம் நடந்துகொண்டிருந்த காலத்தைச் சேர்ந்தது.

20ஆம் நூற்றாண்டின் இறுதியிலும் 21ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும், தீங்கான அமீன்களை வெளிவிடும் சில அசோ சாயங்களைச் செருமனி 1994இல் தடைசெய்ததும், நொய்யல் ஆற்று மாசு தொடர்பான வழக்கில் திருப்பூர்ச் சாயப்பட்டறைகளை மூடுமாறு சென்னை உயர்நீதிமன்றம் 2011இல் ஆணையிட்டதும் இயற்கைச் சாயங்களின்பால் கவனத்தைத் திருப்பின. ஆயினும் வேரை எடுத்தால் செடியே போய்விடும் என்பதால், இலையை அறுத்தால் மீண்டும் தழைக்கும் அவுரியைப் போல் சாயவேர் எளிதில் மீளவில்லை. திசு வளர்ப்பு வழியாக இதைப் பெருக்கும் ஆய்வுகள் நடந்துள்ளன. மசூலிப்பட்டினக் கலம்காரியில் இன்று சிவப்பு பெரும்பாலும் செயற்கை அலிசரினாலேயே ஏற்றப்படுகிறது. எனினும் ஸ்ரீகாளத்தியில் துணியைக் கடுக்காயும் எருமைப் பாலும் கலந்த நீரில் ஊறவைத்த பிறகே கலம் அதன் மேல் வைக்கப்படுகிறது.