மூலையில் ஓடிய எண்

எங்கள் பக்கம் கிராபிக்ஸ் கார்டைக் காசு கொடுத்து வாங்கியவர்களில் நான் முதலில் பார்த்தது விளையாட்டுப் பையன்களை இல்லை, அம்பத்தூர் எஸ்டேட்டின் டூல் ரூம்காரர்களை. 1964இல் தொடங்கிய அந்தத் தொழிற்பேட்டையில், டையும் ஜிக்கும் வரைந்துகொண்டிருந்த டிராயிங் போர்டுகள் 90களில் ஒவ்வொன்றாகச் சுவரோரம் போயின. அந்த இடத்தில் ஆட்டோகேட் ஓடும் கம்ப்யூட்டர்கள் வந்தன. அவற்றுக்குள் இருந்த கார்டு வாய் திறக்காத ஜீவன். பெட்டியோடு ஒரு சிடி வரும். டிரைவரைப் போட்டு ரீஸ்டார்ட் செய்தால் கடிகாரத்துக்குப் பக்கத்தில் சின்னதாக ஓர் ஐகான் உட்காரும், அதோடு சரி. திரையில் என்ன தெரிய வேண்டும் என்பதில் கார்டு விற்றவருக்கு எந்த அபிப்பிராயமும் கிடையாது. இன்று கார்டோடு வரும் மென்பொருள் விளையாட்டு தொடங்கியதுமே திரை ஓரத்தில் எட்டிப் பார்த்து, என்னைக் கூப்பிட இன்ன விசையை அழுத்து என்கிறது. அதை நிறுத்தித் தரச் சொல்லி பட்டாபிராமிலிருந்தும் பூந்தமல்லியிலிருந்தும் எனக்குப் போன் வருகிறது.

கடை என்பது ஆவடியில் எங்கள் வீட்டு முன்னறை. வீட்டுக்காரருக்கு டேங்க் ஃபேக்டரியில் வேலை, எனக்கு பிரௌசிங் சென்டர். சாமான் வாங்க ரிச்சி ஸ்ட்ரீட். ஆவடி லோக்கலில் சென்ட்ரலுக்குப் போய், அங்கிருந்து மவுண்ட் ரோடு பஸ் பிடித்து சிம்சனில் இறங்கி நடப்பேன். ரேடியோ சாமான்களுக்குப் பேர்போன அந்தத் தெருவில் அப்போது மதர்போர்டும் ரேமும் காய்கறி போல வெளியிலேயே அடுக்கியிருக்கும். கார்டு வாங்கக் கையில் காசு இல்லாததால் கிராபிக்ஸ் மதர்போர்டிலேயே ஒட்டிவரும் இன்டெல் செட்கள்தான் என் கடையில் பாதிக்கு மேல்.

அணைக்கும் வேலை அந்தப் போர்டுகளில்தான் ஆரம்பித்தது. அப்போதைய இன்டெல் கிராபிக்ஸ் டிரைவரில் கன்ட்ரோல், ஆல்ட் இரண்டையும் பிடித்துக்கொண்டு கீழ் அம்புக்குறியைத் தட்டினால் திரை தலைகீழாகிவிடும். இடது, வலது அம்புகளுக்குப் பக்கவாட்டில் படுத்துக்கொள்ளும். மேல் அம்பைத் தட்டினால் நிமிரும். இது எஸ்டேட் குவார்ட்டர்ஸ் பையன் ஒருவனுக்குத் தெரிந்தது. அடுத்த வாரத்துக்குள் ஆவடி முழுக்கத் தெரிந்தது. ரயில்வே தேர்வு ரிசல்ட் பார்க்க வந்த பெரியவர் திரும்பிப் பார்ப்பதற்குள் அவர் திரை கவிழ்ந்திருக்கும். "மேடம், மானிட்டர் போயிடுச்சு போல" என்று அவர் பதறுவார். பக்கத்து கேபினில் இருவர் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்குவார்கள். ஒரு நாள் சாயங்காலம் எல்லா சிஸ்டத்திலும் டிரைவர் பேனலைத் திறந்து ஹாட் கீ என்ற பகுதியில் இருந்த டிக்கை எடுத்தேன். கிராபிக்ஸ் மென்பொருள் தானாக வைத்திருந்த ஒரு வசதியை அணைத்தது எனக்கு அதுதான் முதல் முறை. அந்த வசதியை நியாயமான காரியத்துக்குப் பயன்படுத்திய ஒரு மனிதரையும் அன்றுவரை என் கடையில் பார்த்திருக்கவில்லை.

அதே சமயத்தில் நானும் திரையில் ஒன்றை ஒட்டிவைத்திருந்தேன் என்பதையும் சொல்லிவிட வேண்டும். மிச்ச நேரத்தைக் காட்டும் டைமர். விளையாட்டு முழுத்திரையில் ஓடும்போது டைமர் எச்சரிக்கையைக் காட்ட முயன்றால் விளையாட்டு சுருங்கி டாஸ்க்பாருக்கு ஓடிவிடும். அந்த அரை நொடியில் கவுன்டர் ஸ்ட்ரைக்கில் செத்தவர்கள் என்னைத் திட்டியதெல்லாம் எனக்கும் கேட்டது. டாஸ்க் மேனேஜரில் போய் டைமரைக் கொல்லவும் கற்றுக்கொண்டார்கள். நான் டாஸ்க் மேனேஜரைப் பூட்டினேன். இப்படியே ஓடியது.

பிறகு கார்டு வந்தது. என் கையில் முதலில் நிலைத்தது ஜிஃபோர்ஸ் 4 எம்எக்ஸ் 440. 2002இல் வந்த கார்டு, பெயரில் நான்கு இருந்ததே தவிர பிக்சல் ஷேடர் கிடையாது. அதனால் 2003இல் வந்த பிரின்ஸ் ஆஃப் பெர்சியா: சேண்ட்ஸ் ஆஃப் டைம் அதில் ஓடாது. வைஸ் சிட்டி ஜம்மென்று ஓடும். இதைப் பையன்களுக்குப் புரியவைப்பதற்குள் தொண்டை வறண்டுவிடும். அப்போது துணைக்கு வந்தது ஃபிராப்ஸ். ஆஸ்திரேலியாவின் பீபா என்ற சிறு நிறுவனம் 1999இல் வெளியிட்ட மென்பொருள். திரையின் மூலையில் மஞ்சள் நிறத்தில் ஓர் எண் ஓடும்: ஒரு நொடிக்கு எத்தனை படம். 60 என்றால் வழுக்கிக்கொண்டு போகும், 20க்குக் கீழே இறங்கினால் இழுவை. பக்கத்துப் பக்கமாக இரண்டு சிஸ்டத்தில் எண்ணைக் காட்டினால் போதும், என் வாய்க்கு ஓய்வு. கார்டு கேட்டு அப்பாவிடம் சண்டை போடப் பையன்களுக்கு ஆதாரமும் கிடைத்தது.

விளையாட்டின் மேல் இன்னொருவர் எழுதுவது எப்படி நடக்கிறது? விளையாட்டு ஒவ்வொரு படத்தையும் முதலில் நினைவகத்தில் மறைவாக வரைகிறது. முடிந்ததும் டைரக்ட்எக்ஸிடம் "காட்டு" என்று ஒரு கட்டளை கொடுக்கிறது. இப்படி மேலே எழுதும் ஓவர்லே மென்பொருள் தன்னுடைய டிஎல்எல் கோப்பை விளையாட்டுக்குள்ளேயே நுழைத்து அந்தக் கட்டளையை வழிமறிக்கிறது. தன் எண்ணையோ மெனுவையோ மேலே எழுதிவிட்டுப் பிறகுதான் விடுகிறது. நொடிக்கு 60 படம் என்றால் ஒரு படத்துக்கு 16.7 மில்லி நொடிதான் கெடு. வழிமறிப்பவருக்கும் அதில் பங்கு போகிறது. வீட்டுக்காரரிடம் இதைச் சொன்னபோது, டேங்க் கன்னர் பார்க்கும் சைட்டிலும் காட்சியின் மேல் கோடும் அளவும் இருக்கும் என்றார். ஆனால் சுடுகிறவனுக்கு வேண்டிய கோடு மட்டும்தான் அதில் இருக்கும், சைட் செய்த கம்பெனியின் அறிவிப்பு இருக்காது. ஃபிராப்ஸ் அந்தக் கோட்டின் ரகம். கேட்டால் வரும், கேட்டதை மட்டும் காட்டும்.

பிறகு வந்தவை அப்படி இல்லை. 2004இல் எக்ஸ்ஃபயர் என்ற மென்பொருள் விளையாட்டுக்குள்ளேயே அரட்டையைக் கொண்டுவந்தது. 2007இல், விளையாட்டுகளை ஆன்லைனில் விற்கும் ஸ்டீமும் சொந்த ஓவர்லேயோடு வந்தது. எங்கள் கடைகளில் பெரும்பாலும் காப்பி சிடி ராஜ்ஜியம் என்பதால் ஸ்டீம் இங்கே தாமதமாகத்தான் நுழைந்தது. அதற்குள் 2011இல் சைபர் கஃபே விதிகள் வந்து, கேபின் தடுப்பு நாலரை அடிக்கு மேல் இருக்கக்கூடாது என்றார்கள். ஆசாரி வந்து தடுப்பை அறுத்தார். யார் என்ன பார்க்கிறார்கள் என்று எல்லோருக்கும் தெரிந்ததும் பிரௌசிங் கூட்டம் குறைந்து விளையாட்டுக் கூட்டம் தங்கியது.

கார்டு செய்தவர்களே இந்த ஆட்டத்தில் இறங்கியது 2013இல். என்விடியா, ஜிஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ் என்ற மென்பொருளையும், அந்த அக்டோபரில் அதற்குள் ஷேடோபிளே என்ற பதிவு வசதியையும் தந்தது. விளையாட்டை வீடியோவாகப் பிடிக்கலாம், கடந்த சில நிமிடங்களைப் பின்னோக்கிச் சேமிக்கலாம். நல்ல வசதிதான், மறுக்கவில்லை. 2016 செப்டம்பரில் வந்த மூன்றாம் பதிப்பில் அதைத் திறக்கவே கணக்கு தொடங்கி லாகின் செய்ய வேண்டும் என்றார்கள். இருபது பேர் மாறிமாறி உட்காரும் சிஸ்டத்தில் யாருடைய மெயிலைக் கொடுப்பது? அந்த டிசம்பரில் ஏஎம்டியும் ரீலைவ் என்ற பதிவு வசதியைத் தன் டிரைவரோடு சேர்த்தது. 2019 டிசம்பரில் வந்த அட்ரினலின் பதிப்பில் முழு மென்பொருளையுமே விளையாட்டின் மேல் திறக்கலாம். என் கடையில் அப்போது ஜிடிஎக்ஸ் 750 டிஐ கார்டுகள். 60 வாட்தான் குடிக்கும், தனி பவர் கேபிள் வேண்டாம், லோக்கல் எஸ்எம்பிஎஸ் தாங்கும். அந்த வர்க்கத்து கார்டில் பின்னணியில் ஒரு பதிவு ஓடிக்கொண்டேயிருந்தால் மூலையில் ஓடும் எண் சொல்லிவிடும். புது சிஸ்டம் போட்டால் டிரைவரை மட்டும் ஏற்றிவிட்டு மற்றதை விட்டுவிடுவது என் பழக்கமாயிற்று.

ஜியோ 2016இல் வந்ததும் பிரௌசிங் போயிற்று, பப்ஜி மொபைல் வந்ததும் பாதிப் பையன்கள் போனார்கள், 2020 ஊரடங்கில் கடையே போயிற்று. சிஸ்டங்களை விற்றேன். சர்வீஸ் மட்டும் தொடர்கிறது. அந்த ஆண்டு ஜூலையில் கவுன்டர் ஸ்ட்ரைக்கின் சிஎஸ்: கோ பதிப்பில் டிரஸ்டட் மோடு வந்து, வெளி மென்பொருள்கள் விளையாட்டுக்குள் நுழைவதைத் தடுத்தது. ஏமாற்று மென்பொருளும் ஓவர்லேயும் ஒரே வாசல் வழியாக நுழைகின்றன என்பதுதான் காரணம்.

விற்ற சிஸ்டங்களும், பையன்கள் கழித்துவிட்ட கார்டுகளும் எங்கே போயின என்றால், அம்பத்தூர் எஸ்டேட் அக்கவுன்ட்ஸ் அறைகளுக்கும் பூந்தமல்லி டிரங்க் ரோட்டின் கல்யாண வீடியோ மிக்சிங் கடைகளுக்கும். அங்கே தகராறு வேறு மாதிரி. டேலி இஆர்பி 9இல் தேதிக் காலத்தை மாற்ற ஆல்ட் எஃப்2, கம்பெனி விவரத்துக்கு ஆல்ட் எஃப்3. என்விடியா ஓவர்லேயில் ஆல்ட் எஃப்2 போட்டோ மோடு, ஆல்ட் எஃப்3 கேம் ஃபில்டர். ஆல்ட் இசட் அழுத்தினால் டேலியில் ஜூம், என்விடியாவில் ஓவர்லே, ஏஎம்டியில் பக்கப்பட்டி. மார்ச் மாதக் கணக்கு முடிக்கும் அக்காவுக்கு போட்டோ மோடு எதற்கு? அணைத்துவிட்டேன். ஏஎம்டி கார்டென்றால் செட்டிங்ஸ் சக்கரத்தைத் தட்டி பிரிஃபரன்சஸ் பகுதியில் இன்-கேம் ஓவர்லேயை ஆஃப் செய்ய வேண்டும். பக்கத்திலேயே ஹாட் கீஸ் பகுதியில் ஆல்ட் ஆர், ஆல்ட் இசட் இரண்டையும் அழித்துவிடுவது நல்லது. வின்டோஸின் சொந்த ஓவர்லேயான கேம் பார் தனி. அதற்கு வின்டோஸ் செட்டிங்ஸில் கேமிங் பகுதிக்குப் போக வேண்டும்.

2024 நவம்பரில் என்விடியா பழைய மென்பொருளை ஓரங்கட்டி, லாகின் கேட்காத என்விடியா ஆப்பை வெளியிட்டது. அடுத்த மாதமே, அதை நிறுவினால் சில விளையாட்டுகளில் வேகம் 15 விழுக்காடு வரை குறைகிறது என்று சோதனை செய்தவர்கள் எழுதினார்கள். காரணம் ஓவர்லேயில் இருந்த கேம் ஃபில்டர், போட்டோ மோடு. யாரும் அவற்றைத் திறக்காமலே இருந்தாலும் வேகம் குறைந்தது. அவற்றை அணைத்துவிட்டு விளையாட்டை மறுபடி திறக்கும்படி நிறுவனமே சொன்னது. செட்டிங்ஸ், ஃபீச்சர்ஸ், ஓவர்லே. அதற்குள் அந்த ஃபில்டர் பட்டன். எனக்கு அந்த வாரம் நல்ல வருமானம்.

இப்போது வரும் பையன்களிடம் ஒரு வேடிக்கை. "எல்லாத்தையும் ஆஃப் பண்ணிடுங்கக்கா, எஃப்பிஎஸ் நம்பர் மட்டும் இருக்கட்டும்" என்பார்கள். அந்த எண்ணும் ஓவர்லேதான். என்விடியாவின் ஓவர்லேயை அணைத்தால் அதன் எண்ணும் போய்விடும் என்று சொன்னால் முகம் வாடும். ஸ்டீமில் இன்-கேம் செட்டிங்ஸுக்குப் போய் அதனுடைய எஃப்பிஎஸ் எண்ணை ஆன் செய்து கொடுத்து அனுப்புகிறேன்.