பவளம் போல் ஒரு பாசி

பவளத்தை நம் முன்னோர் 'பவளக்கொடி' என்றார்கள். ஐரோப்பியர்களும் வெகு காலம் அதைக் கடலடியில் வளரும் செடி என்றே நம்பினார்கள். 1706-ல் மார்சிலி என்ற இத்தாலியர், பிரான்சின் தென்கரையில் அப்போதுதான் எடுத்த பவளத்தைக் கடல்நீரில் போட்டு வைத்தார். அதில் வெள்ளைப் பூக்கள் விரிந்தன. பூ பூத்தால் செடிதானே!

அவை பூக்களே அல்ல, சிறு பிராணிகள் என்று 1720-களில் சொன்னவர் மார்செய் நகர மருத்துவர் பெய்சொனெல். பாரிஸ் விஞ்ஞானக் கழகத்தில் அந்தக் கருத்தை எடுத்துச் சொன்ன ரெயோமூருக்கே அதில் நம்பிக்கை இல்லை. பெய்சொனெலின் பெயரைக்கூடச் சொல்லாமல் விட்டார். 1740-களில் டிரெம்ப்ளே என்பவர், செடி போலத் தோன்றும் ஹைட்ரா ஒரு பிராணி என்று நிரூபித்தார். அதன் பிறகுதான் பெய்சொனெல் சொன்னதையும் உலகம் ஒப்புக்கொண்டது.

இந்த இடத்தில்தான் நம் பாசி வந்து மாட்டிக்கொள்கிறது. பெயர் கோரலைனா. இங்கிலாந்து போன்ற நாடுகளின் பாறைக் கரைகளில், அலை வடிந்த பிறகு தேங்கும் குட்டைகளில் விரல் உயரத்துக்கு, இளஞ்சிவப்பாக வளரும். உடம்பெல்லாம் சுண்ணாம்பு ஏறிய சிறு கணுக்கள். இடையிடையே சுண்ணாம்பு இல்லாத மூட்டுகள். அதனால் அலை அடித்தாலும் ஒடியாமல் வளைந்து கொடுக்கும். காய்ந்தால் வெளுத்துவிடும். அந்தக் காலத்தில் மருந்துக்கடைகளில் குடல் புழுவுக்கு இதைக் கொடுத்தார்கள்.

பார்க்கப் பவளம் மாதிரி இருக்கிறது, கல் போலவும் இருக்கிறது. பவளம் பிராணி என்றால் இதுவும் பிராணிதான் என்று முடிவு கட்டினார், லண்டன் வணிகர் ஜான் எல்லிஸ். 1755-ல் புத்தகமே எழுதினார். 1758-ல் லின்னேயஸும் இதைப் பிராணிகளின் பட்டியலில் சேர்த்து, 'கோரலைனா அஃபிசினாலிஸ்' என்று பெயரிட்டார். 'மருந்துக்கடைக்கு உரியது' என்று பொருள்.

1766-ல் பல்லாஸ் என்ற ஜெர்மானியர், இது தாவரம்தான் என்று மறுத்தார். எல்லிஸ் விடவில்லை. மறு வருடமே, இதன் மேலுள்ள நுண்துளைகளைச் சான்றாகக் காட்டி, பிராணி என்றே வாதாடினார். ஆனால் அந்தத் துளைகளிலிருந்து ஒரு பிராணி தலை நீட்டியதை யாரும் பார்த்ததில்லை. விவகாரம் அடுத்த நூற்றாண்டுக்கும் நீண்டது. 1837-ல் பிலிப்பி, இதன் நெருங்கிய உறவான, பாறையில் கல் போலப் படரும் சுண்ணாம்புப் பாசிகள் தாவரமே என்று காட்டினார். இன்று கோரலைனா சிவப்புப் பாசிகளில் ஒன்று.

பெய்சொனெல் சரியாகச் சொன்னபோது யாரும் கேட்கவில்லை. கேட்கத் தொடங்கியதும், அவர் சொன்னது பொருந்தாத இடத்திலும் அதைப் பொருத்திவிட்டார்கள். பழைய பிழையை விட்டுவிட்ட உற்சாகத்தில் புதுப் பிழையில் விழுவது விஞ்ஞானிகளுக்கும் நேர்கிறது.

ஒரு வேடிக்கை: பிராணி என்று நினைத்து லின்னேயஸ் வைத்த அதே பெயரில்தான் தாவரவியலார் இன்றும் இந்தப் பாசியை அழைக்கிறார்கள்.