வீட்டுச் சுருளும் குரல் கேசட்டும்

வீட்டில் எடுத்த படங்களையும் ஒலிப்பதிவுகளையும் வெட்டிச் சேர்த்து, நினைவைத் தேடும் பரிசோதனைப் படங்கள் சிறிய கேமராவால் பிறந்தவை. கோடாக் நிறுவனம் 1923-இல் 16 மி.மீ., 1932-இல் 8 மி.மீ., 1965-இல் சூப்பர் 8 சுருள்களைக் கொண்டுவந்தது. லிதுவேனியாவிலிருந்து அகதியாக அமெரிக்கா சேர்ந்த ஜோனாஸ் மேகாஸ், தம் அன்றாடத்தைப் பதிந்த சுருள்களைக் கோத்து 1969-இல் 'வால்டன்' படத்தை வெளியிட்டார். நாட்குறிப்புப் போலவே ஓடும் படம் அது.

இந்தியாவில் இந்தக் கேமரா நெடுங்காலம் வசதியுள்ளவர் கையில்தான் இருந்தது. பெங்களூரின் ஆயிஷா ஆபிரகாம், டாம் டி'அகுவார் என்ற ஆங்கிலோ இந்தியர் பொழுதுபோக்காக எடுத்த சுருள்களைக் கொண்டு 2005-இல் 'ஸ்ட்ரெயிட் 8' செய்தார். அதே ஆண்டு வந்த சந்தியா சூரியின் 'ஐ ஃபார் இந்தியா' மனத்தை இன்னும் ஆழமாகத் தொடுவது. 1965-இல் இங்கிலாந்து சென்ற அவருடைய தந்தை டாக்டர் யஷ்பால் சூரி, சூப்பர் 8 கேமரா, புரொஜெக்டர், டேப் ரெக்கார்டர் எல்லாவற்றிலும் இரண்டிரண்டு வாங்கி, ஒரு செட்டை இந்தியாவில் இருந்த குடும்பத்துக்கு அனுப்பினார். கடிதத்துக்குப் பதிலாகப் படமும் குரலும் பல ஆண்டுகள் போய்வந்தன. ஊர் திரும்பச் சொல்லும் பெற்றோரின் குரல்தான் அந்தப் படத்தைத் தாங்கி நிற்கிறது.

அந்தக் குரலைப் புதுக்கோட்டை மாவட்டக் கரையோரமும் அறியும். அறந்தாங்கி, மணமேல்குடி, கோட்டைப்பட்டினம் பக்கமிருந்து வளைகுடாவுக்கும் சிங்கப்பூர், மலேசியாவுக்கும் பிழைக்கப் போனவர்கள் ஏராளம். அவர்கள் ஊர் வரும்போது டேப் ரெக்கார்டரும் பின்னர் வீடியோ கேசட் ஓட்டும் டெக்கும் கூடவே வந்தன. எழுதத் தெரியாத தாய் கேசட்டில் பேசி, பயணம் புறப்படுபவரிடம் கொடுத்தனுப்பினாள். லீவு கிடைக்காத அண்ணனுக்குத் தங்கையின் கல்யாண வீடியோ கேசட் போனது.

இரண்டில் குரல் கேசட்டே அரிய ஆவணம். கல்யாண வீடியோவில் பந்தல் பேச்சை எடுத்துவிட்டு சினிமாப் பாட்டைச் சேர்ப்பது வழக்கம். மேடையேறி மொய் கொடுக்கும் உறவினர் முகங்கள் மட்டும் வரிசையாக மிஞ்சும். ஊரின் உறவுமுறையை அறிய அதுவும் உதவும். குரல் கேசட்டிலோ கோழி கூவுவதும், பக்கத்து வீட்டார் இடையில் நுழைந்து நலம் கேட்பதும், தொண்டை அடைத்துப்போகும் இடமும் சேர்ந்தே பதிந்தன. பரிசோதனைப் படம் எடுப்பவருக்கு வேண்டியது இந்த வெட்டாத பகுதிதான். ஆனால் ஒருமுறை கேட்டதும் அந்தக் கேசட்டின் மேலேயே பாட்டுப் பதிந்துகொண்ட வீடுகளும் உண்டு.

ஈரக்காற்றில் நாடா பூஞ்சை பிடிக்கும். டெக் தயாரித்துவந்த கடைசி நிறுவனமான ஜப்பானின் ஃபுனாய் 2016-இல் உற்பத்தியை நிறுத்திவிட்டது. ஓடும் டெக்கும் டேப் ரெக்கார்டரும் கிடைக்கும்போதே கேசட்டுகளை டிஜிட்டலுக்கு மாற்ற வேண்டும். பேசுவது யார், எந்த ஊர், எந்த ஆண்டு என்பதை வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு உறையிலேயே எழுதிவைக்கவும் வேண்டும்.