வாசலில் நின்ற எச்சரிக்கை

முதல் மகா யுத்தத்தில் ஃபிரிட்ஸ் ஹேபரின் கீழ் ஜெர்மனியின் விஷவாயுப் பிரிவில் பணிபுரிந்து, விஞ்ஞானம் கொலைத் தொழிலுக்குத் துணைபோகும் விதத்தை அருகிருந்து கண்டவர் ஜேம்ஸ் ஃபிராங்க். 1925ஆம் ஆண்டுக்குரிய பௌதிக நோபல் பரிசைக் குஸ்டாவ் ஹெர்ட்ஸுடன் பகிர்ந்துகொண்ட இந்த யூத விஞ்ஞானி, 1933இல் ஹிட்லரின் அரசு யூதர்களை உத்தியோகங்களிலிருந்து விலக்கியபோது, போர்முனையில் சேவை செய்தவர் என்ற முறையில் தமக்கு விதிவிலக்கு இருந்தும், அந்தச் சலுகையை ஏற்க மனம் ஒவ்வாமல், கோட்டிங்கன் சர்வகலாசாலைப் பதவியைத் தாமாகவே துறந்தார். பின்னர் அமெரிக்காவில் அணு ஆராய்ச்சிக்கு அழைக்கப்பட்டபோது அவர் விதித்த நிபந்தனை ஒன்றே: குண்டு தயாராகும் வேளையில் வேறு எந்த தேசத்திடமும் அது இல்லையாயின், அதன் பிரயோகத்தைப் பற்றித் தம் கருத்தை மேலிடத்தில் எடுத்துரைக்க அனுமதி வேண்டும்.

ஜெர்மனி சரணடைந்தபின் அந்த வேளை வந்தது. சிக்காகோ ஆய்வுக்கூடத்தில் அவர் தலைமையில் எழுவர் கூடி, 1945 ஜூன் 11ஆம் தேதியிட்டு ஓர் அறிக்கை வரைந்தனர். இயற்கையின் விதிகள் எல்லா நாட்டாருக்கும் பொதுவாதலால் இந்த இரகசியம் நெடுநாள் நிற்காதென்றும், பிற தேசங்கள் மூன்று நான்கு ஆண்டுகளிலேயே நெருங்கிவிடக்கூடுமென்றும், முன்னறிவிப்பின்றி ஜப்பான்மீது குண்டை வீசினால் உலகத்தின் நம்பிக்கையை இழந்து ஆயுதப் போட்டிக்கு வித்திடுவோமென்றும், ஆகவே பாலைவனத்திலோ ஆளற்ற தீவிலோ பல தேசப் பிரதிநிதிகளின் முன்னிலையில் அதனை வெடித்துக் காட்டுவதே தகுமென்றும் அவர்கள் எழுதினர். 1949 ஆகஸ்டில் சோவியத் நாடு தன் முதல் குண்டை வெடித்தபோது, அந்தக் கணக்கு எத்தனை துல்லியமானதென்று உலகம் கண்டது.

அறிக்கை வரைந்த மறுநாளே ஃபிராங்க் அதனுடன் வாஷிங்டனில் இருந்தார். யுத்த மந்திரி ஸ்டிம்ஸன் ஊரில் இல்லையென்ற பதிலே கிடைத்தது. காகிதத்தை அவருடைய காரியாலயத்தில் விட்டு வரவேண்டியதாயிற்று. குண்டினால் மிச்சப்படக்கூடிய உயிர்களை அறிக்கை எண்ணவில்லையென்று, உடன் வைத்த கடிதத்தில், சிக்காகோ ஆராய்ச்சித் திட்டத்தின் தலைவரான ஆர்தர் காம்ப்டன் குறிப்பிட்டார். போர்முனையில் புதல்வர்களை நிறுத்தியிருந்த ஒரு தேசத்தில் அந்த வாதத்துக்கு இருந்த வலிமையை நான் மறுக்கவில்லை. ஆயினும், விஷவாயுவை அறிந்த ஒருவர் வாசல்வரை வந்து நின்றபோது, அவரை உள்ளே அழைத்து ஒரு நாழிகை கேட்காதது மன்னிக்கக்கூடியதென்று என்னால் சொல்ல இயலவில்லை. ஜூன் 16ஆம் தேதி, ஓப்பன்ஹைமர் முதலிய நால்வர் அடங்கிய விஞ்ஞான ஆலோசனைக் குழு, நேரடியான இராணுவப் பிரயோகத்துக்கு ஏற்கத்தக்க மாற்று எதுவும் தங்களுக்குப் புலப்படவில்லையென்று கூறிவிட்டது.

எழுவரில் ஒருவரான லியோ ஸிலார்ட் அதன்பிறகும் ஓயவில்லை. ஜூலை 17ஆம் தேதியிட்டு, சக விஞ்ஞானிகளின் கையொப்பங்களுடன் ஜனாதிபதி ட்ரூமனுக்கே ஒரு விண்ணப்பத்தை அவர் அனுப்பினார். அதற்கு நேர்ந்த கதியை அடுத்த இதழில் காண்போம்.

(தொடரும்)