இடைவெளி (சோதனைக் குறும்படம்)

பாத்திரங்களுக்கு நடுவிலுள்ள தூரத்தையே கதையாக்கும் முறை. பேச்சைக் குறைத்து, சட்டகத்தாலும் ஒலியாலும் பொருள் சொல்லும் குறும்படங்களில் மிகுதியாகக் காணப்படுகிறது. மனிதர் ஒருவரிடமிருந்து ஒருவர் காக்கும் தூரத்தை அமெரிக்க மானிடவியலாளர் எட்வர்ட் ஹால் 1966இல் வெளியிட்ட நூலில் நான்காகப் பிரித்தார்: ஒன்றரை அடிவரை நெருக்கம், 4 அடிவரை தனிப்பட்டது, 12 அடிவரை சமூகம், அதற்கப்பால் பொது. அண்மைக்காட்சியும் தூரக்காட்சியும் பார்வையாளரிடம் என்ன செய்கின்றன என்பதை விளக்கத் திரைப்பட ஆசிரியர்கள் இந்த அளவுகளை எடுத்தாள்கின்றனர். ஆனால் இத்தூரத்தைத் திரையில் கையாண்ட படைப்பாளிகள் ஹாலுக்கு முந்தியவர்கள். மாயா டெரன், அலெக்சாண்டர் ஹமிட் இருவரின் 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்' (1943) ஒரு பெண் தன் வீட்டுக்குள்ளேயே தனக்கு அந்நியமாவதைக் காட்டியது.

இந்தியாவில் முதன்மையான சான்று சத்யஜித் ராயின் 'டூ' (1964). எஸ்ஸோ நிறுவனத்தின் ஆதரவில் அமெரிக்கத் தொலைக்காட்சிக்காக எடுக்கப்பட்டது. சுமார் கால் மணி நேரம் ஓடும். ஒரு சொல்கூடப் பேசப்படுவதில்லை. ஆங்கிலத்தில் எடுக்கக் கேட்டதால் ராய் வசனத்தையே விட்டுவிட்டார் என்பர். பெரிய வீட்டில் தனியே இருக்கும் பணக்காரச் சிறுவன் புல்லாங்குழல் ஓசை கேட்டுச் சன்னலுக்கு வருகிறான். கீழே குடிசைச் சிறுவன். பணக்காரச் சிறுவன் பொம்மை ஊதுகுழலை எடுத்து ஊத, கீழிருப்பவன் பறையொன்றைக் கொண்டு வருகிறான்; முகமூடிக்கு முகமூடி. கடைசியில் வெளியே பட்டம் பறக்கிறது. கவணால் முடியாதபோது காற்றுத் துப்பாக்கியால் அதைச் சுட்டு வீழ்த்துகிறான் மேலிருப்பவன். பின்னர் அவனுடைய பொம்மைகளின் இரைச்சலையும் மீறிப் புல்லாங்குழல் மறுபடி கேட்கிறது. உடல் கடக்காத தூரத்தை ஒலி கடக்கிறது. படத்தின் அழகெல்லாம் அங்கேதான். வியட்நாம் போரைக் குறிப்பதாக இதை வாசிப்பவரும் உண்டு, ஏழை பணக்காரர் முரணாக மட்டும் கொள்பவரும் உண்டு. இசையும் ராயுடையதே.

1948இல் தொடங்கிய இந்திய அரசின் பட நிறுவனமான பிலிம்ஸ் டிவிஷனில் எஸ்.என்.எஸ். சாஸ்திரியின் 'ஐ ஆம் 20' (1967), பிரமோத் பதியின் 'எக்ஸ்ப்ளோரர்' (1968), ஓவியர் ஒருவரோடு ஓர் அறையை அவர் படமாக்கிய 'அபித்' (1972) ஆகிய சோதனைப் படங்கள் வெளிவந்தன.

தமிழரான ஆர்.வி. ரமணியின் 'சா' (1991) ஆவணப்படத்தையும் சோதனைப் படத்தையும் இணைத்தது.

2020 கொரோனா பொதுமுடக்கத்தில் இயக்குநர் கௌதம் வாசுதேவ் மேனன் 'கார்த்திக் டயல் செய்த எண்' என்னும் குறும்படத்தை வெளியிட்டார். சிலம்பரசனும் த்ரிஷாவும் தொலைபேசியில் மட்டுமே பேசிக்கொள்கின்றனர். வணிகப் படமான 'விண்ணைத்தாண்டி வருவாயா'வின் (2010) பாத்திரங்களைத் தொடர்வதால் இதைச் சோதனைப் படமாகக் கொள்ளலாமா என்பது விவாதத்துக்குரியது. நடிகர்கள் அவரவர் வீட்டிலிருந்தே நடித்துக் கைப்பேசியில் பதிவான முறையைக் கருதினால், இவ்வரிசையில் அதற்கு இடமுண்டு.