தமிழ்க் கௌபாய்ப் படங்கள்

அகன்ற விளிம்புத் தொப்பி, முழங்கால் வரை சப்பாத்து, இடுப்பில் துப்பாக்கி, புழுதி கிளப்பும் குதிரை. இவற்றை வைத்து எடுக்கப்பட்ட தமிழ்ப் படங்களே கௌபாய்ப் படங்கள் என்று வழங்கப்படுகின்றன. தமிழில் இவை தலையெடுத்தது 1970களின் தொடக்கத்தில். தான் அரை நூற்றாண்டாகக் கட்டிய அந்த வீரக் கதையை ஹொலிவூட் தன் கையாலேயே பிரித்துப் போட்டுக்கொண்டிருந்ததும் அதே ஆண்டுகளில்தான்.

சாம் பெக்கின்பா 1969இல் எடுத்த ‘தி வைல்ட் பஞ்ச்’ படத்தின் கொள்ளையர்கள் ஒரு ரயில்வே அலுவலகத்தைச் சூறையாடுகிறார்கள். தெருவெல்லாம் பிணம். தப்பிப் போய்ப் பைகளைக் கொட்டிப் பார்த்தால் உள்ளே வெறும் இரும்பு வாஷர்கள்! 1972இல் பிலிப் கோஃப்மன் இயக்கிய ‘தி கிரேட் நோர்த்ஃபீல்ட் மினசோட்டா ரெய்ட்’ ஒரு படி மேலே போனது. மக்கள் நாயகனாகக் கொண்டாடிய ஜெசி ஜேம்ஸை, தரிசனம் கண்டதாகப் பிதற்றும் கொடூரனாக அதில் ரொபேர்ட் டுவால் நடித்தார். கூட்டாளி கோல் யங்கராகக் கிளிஃப் ரொபேர்ட்சன்.

படத்துக்கு மூலமான சம்பவமே ஒரு பரிதாபம். 1876 செப்டெம்பர் 7 அன்று எட்டுப் பேர் நோர்த்ஃபீல்ட் ஊரின் ஃபர்ஸ்ட் நேஷனல் வங்கிக்குள் புகத் திட்டமிட்டு வந்தார்கள். காசாளர் ஜோசப் லீ ஹேவூட் பெட்டகத்தைத் திறக்க மறுத்தார், சுட்டுக் கொன்றார்கள். பெட்டகம் பூட்டப்பட்டிருக்கவே இல்லை. யாரும் இழுத்துப் பார்க்கவில்லை. வெளியே ஊர்ச்சனம் துவக்கும் கல்லுமாகத் திரண்டுவிட்டது. கொள்ளையரில் இருவர் தெருவிலேயே விழுந்தார்கள். இரண்டு வாரத்தில் யங்கர் சகோதரர் மூவரும் பிடிபட, ஜேம்ஸ் சகோதரர் இருவரும் தப்பினார்கள். கையில் கிடைத்தது 26 டொலர் 70 சதம்.

இந்தக் கசப்பு எதுவும் சென்னைக்கு வந்து சேரவில்லை. தமிழ்க் கௌபாய்க்குத் தாய்வீடு அமெரிக்காவைவிட இத்தாலிதான். செர்ஜியோ லியோனேயின் படங்களும், இந்தியாவில் பெரும் வசூல் கண்ட ‘மெக்கன்னாஸ் கோல்ட்’ படமும் வழிகாட்டின. 1971இல் கே.எஸ்.ஆர்.தாஸ் இயக்க, கிருஷ்ணா நடித்த தெலுங்குப் படம் ‘மோசகாள்ளகு மோசகாடு’ ராஜஸ்தான் மணலில் குதிரை விட்டது. ‘மோசக்காரனுக்கு மோசக்காரன்’ என்று தமிழும் பேசியது.

தமிழில் இந்த வகைக்கு முகம் ஜெய்சங்கர் என்றால், கண் எம்.கர்ணன். ஒளிப்பதிவாளராக இருந்து இயக்குநரான கர்ணன், ‘காலம் வெல்லும்’ (1970), ‘கங்கா’ (1972), ‘ஜக்கம்மா’ (1972), ‘எங்க பாட்டன் சொத்து’ (1975) என்று அடுத்தடுத்து எடுத்தார். கமரா குதிரையின் குளம்படியில் கிடக்கும். பாறைக்கு மேலிருந்து பார்க்கும். ஆனால் தொப்பியைக் கழற்றிவிட்டால் உள்ளே இருப்பவர் நம் பழைய கதாநாயகன்தான்: குடும்பத்துக்கு நேர்ந்த கொடுமைக்குப் பழி வாங்குவார், தர்மம் ஜெயிக்கும். ஹொலிவூட் கழற்றிப் போட்ட சட்டையை வாங்கித் துவைத்து, இஸ்திரி போட்டு உடுத்திக்கொண்டது தமிழ் சினிமா. அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. உடுப்பு ஜெய்சங்கருக்குப் பொருந்தியது.

கொழும்பில் கிருலப்பனை, வெள்ளவத்தைப் பக்கத்து ரசிகருக்கு ஆங்கிலப் படம் என்றால் காலி வீதியின் சவோய். கொட்டாஞ்சேனைக்காரருக்குத் தமிழ்ப் படம் என்றால் செல்லமஹால். 1972இல் தொடங்கிய இலங்கை அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் பட இறக்குமதியைத் தன் கையில் எடுத்துக்கொண்டது. குதிரைக்காரர்கள் தமிழ் வாசகரை எட்ட இன்னொரு வழியும் இருந்தது: சிவகாசிக் காமிக்ஸ். இத்தாலியின் டெக்ஸ் வில்லர் தமிழில் சுட்டார். பிரெஞ்சு மொழியின் புளூபெரி ‘கேப்டன் டைகர்’ ஆனார்.

வழிப்பறி நாயகன் இலங்கைக்குப் புதியவனும் அல்ல. நோர்த்ஃபீல்ட் கொள்ளைக்குப் பன்னிரண்டு ஆண்டு முன்னரே, கொழும்பு–கண்டி வீதியில் வண்டிகளை மறித்த உதுவன்கந்த சரதியேல், கூட்டாளி மம்மலே மரிக்காருடன் 1864 மே 7 அன்று கண்டியில் தூக்கிலிடப்பட்டான். மாவனெல்லைக்கு அருகே பஸ் போகும்போது அந்த உதுவன்கந்தக் குன்றைக் கைநீட்டிக் காட்டாதவர் குறைவு.

நீண்ட இடைவெளிக்குப் பின் 2010இல் சிம்புதேவன் ‘இரும்புக்கோட்டை முரட்டுச் சிங்கம்’ எடுத்தபோது, அது ஜெய்சங்கருக்குச் செய்த அஞ்சலியாகவும் கேலியாகவும் இருந்தது. ஊரின் பெயரே ஜெய்சங்கர்புரம். எதிரி ஊர் உசாபுரம். ஆங்கில எழுத்துகளைக் கூட்டி வாசித்தால் எந்த நாடு என்று விளங்கும். நாசர் ஏற்ற வில்லனின் பெயர் கிழக்குக்கட்டை. கிளின்ட் ஈஸ்ட்வுட்டை இதைவிடச் சுத்தமாக யாரும் மொழிபெயர்த்ததில்லை.

இத்தனையிலும் வங்கியைக் காணவில்லை. தமிழ்க் கௌபாய் தேடுவது பெரும்பாலும் புதையல். வங்கிக் கொள்ளை இக்காலத்து உடுப்பில்தான் வந்தது: எச்.வினோத்தின் ‘துணிவு’ (2023) அஜித்தை வங்கிக்குள் அனுப்பி, வாடிக்கையாளர் பணத்தைச் சுருட்டிய வங்கியையே பெரிய கொள்ளைக்காரனாகக் காட்டியது. குதிரை இல்லை, ஆனால் நோர்த்ஃபீல்ட் படத்தின் குணம் அதில் இருக்கிறது.

கதையை உள்ளிருந்து பிரித்துப் பார்க்கும் வேலை அதே ஆண்டு நவம்பரில் கார்த்திக் சுப்புராஜின் ‘ஜிகர்தண்டா டபுள்எக்ஸ்’ படத்தில் நடந்தது. 1970களில் நடக்கும் கதை. ராகவா லாரன்ஸ், முன்பு சிம்புதேவனின் சிங்கம், இங்கே ஈஸ்ட்வுட் பித்துப் பிடித்த ரவுடி சீசர். அவரைக் கொல்ல வந்த எஸ்.ஜே.சூர்யா, சத்யஜித் ராயின் சீடனென்று பொய் சொல்லி அவரை வைத்தே படம் எடுக்கிறார். கடைசியில் அரசுப் படை காட்டு மக்களைச் சுட்டுத் தள்ள, அதைப் பதிவு செய்யும் கமராதான் அவர்கள் பக்கத்து ஆயுதம். அடுத்து 2024 ஜனவரியில் வந்த அருண் மாதேஸ்வரனின் ‘கேப்டன் மில்லர்’, வெள்ளையர் படையில் சேர்ந்து சொந்தச் சனத்தையே சுட நேர்ந்தவனைக் கொள்ளைக்காரன் ஆக்கியது. ஊர்க் கோயிலுக்குள் யார் போகலாம் என்ற சாதிக் கேள்வியையும் அவன் முன் வைத்தது.

கர்ணனின் நான்கு படங்களும் பழி தீர்ந்ததும் முடிந்துவிடும். இந்த இரண்டும் பழி தீர்ந்த பிறகும் கணக்குத் தீராத படங்கள். வகையின் ஐம்பது ஆண்டு வரலாற்றில் முதன்மையானவை இவையே.